ஒரு கப்பலோட பிரிஞ்சு போன துவாலு: குவிஸில வந்த சண்டை

வாசிகசாலைப் பெடியன் | வெள்ளி, இரவு 9:40

வணக்கம். உதவி வேணும், கெதியா.

எங்கட சனசமூக நிலையத்தின்ர ஆண்டு விழாவுக்குப் பொது அறிவுப் போட்டி வைச்சனாங்கள். கேள்வி எழுதினது நான்தான். கடைசிச் சுற்றில "துவாலு எதில இருந்து பிரிஞ்சு தனி நாடானது?" எண்டு கேட்டன். என்ர தாளில விடை பிரித்தானியா. வடக்கு வட்டாரப் பெடியள் அதைத்தான் சொன்னாங்கள், புள்ளி குடுத்தன். உடன மற்றப் பக்கத்தில பதினொராம் வகுப்புப் பிள்ளை ஒண்டு எழும்பி, "இல்லை அண்ணா, கிரிபாட்டியில இருந்து" எண்டுது. நான் மழுப்பினன். நடுவரா வந்த மாஸ்ரர் போனைத் தட்டிப் பாத்திட்டு "ரெண்டும் சரிபோலத்தான் கிடக்கு" எண்டார். பிறகு நடந்த கூத்தைச் சொல்ல வேண்டாம்.

ரெண்டு பகுதிக்கும் ஒரு புள்ளிதான் வித்தியாசம். பரிசு ஒரு மேசை விசிறி. அது இப்ப என்ர வீட்டில பெட்டி உடைக்காமல் கிடக்கு. தீர்ப்பு வரும்வரை ஒருத்தரும் தொடமாட்டினமாம்.

ஆர் சரி?

தீவகத்தான் | வெள்ளி, இரவு 10:05

பிள்ளைக்குக் குடும் ஐசே விசிறியை. பெடியள் சொன்னது பாடப் புத்தகம், பிள்ளை சொன்னது நடந்த கதை.

துவாலு எவ்வளவு பெரிசு எண்டு ஆருக்கும் தெரியுமோ? ஒன்பது தீவு. எல்லாத்தையும் கூட்டினாலும் 26 சதுர கிலோமீற்றர். எங்கட நெடுந்தீவில அரைவாசி. அதுக்கு ஐநாவில கதிரை, கொடி, பிரதமர் எல்லாம் இருக்கு. ஊரில உதைச் சொன்னால் சிரிக்கிறாங்கள்.

சும்மா கேட்டன் | வெள்ளி, இரவு 10:11

உந்தக் குட்டி நாடுகளைப் பற்றிக் கதைச்சு என்ன பிரயோசனம்? ஐநாவில வோட்டை விக்கிறதுதானே அவையின்ர தொழில்.

புவியியல் வாத்தியார் | வெள்ளி, இரவு 11:26

தம்பி, பிழை உமது கேள்வியில்தான் இருக்கிறது. பிள்ளைகளைக் குறை சொல்ல முடியாது.

பிரித்தானியர் 1892இல் பசிபிக்கில் இரண்டு தீவுக் கூட்டங்களைத் தம் பாதுகாப்பின் கீழ் எடுத்தார்கள். ஒன்று கில்பேர்ட் தீவுகள், அதுதான் பிற்காலக் கிரிபாட்டியின் பெரும் பகுதி. மற்றது எலிஸ் தீவுகள், அதுதான் இன்றைய துவாலு. 1916இல் இரண்டையும் சேர்த்து ஒரே கொலனி ஆக்கினார்கள். கில்பேர்ட் மக்கள் மைக்குரோனீசியர், எலிஸ் மக்கள் பொலினீசியர். எலிஸ்காரரின் பேச்சு சமோவா மொழிக்குக் கிட்டியது. கில்பேர்ட்காரருக்கு அது விளங்காது. ஒரு கந்தோர், ஒரு கணக்குப் புத்தகம், ஒரு ஆளுநர் என்று இருந்தால் செலவு குறைவு என்பதைத் தவிர இந்த இணைப்புக்கு வேறு நியாயம் இல்லை.

இனித்தான் நம்மவர் காதைக் கூர்மையாக்க வேண்டிய இடம். கொலனியின் தலைமையிடம் கில்பேர்ட் பக்கத்துத் தராவா. எலிஸ்காரர் தொகையில் மிகச் சிறியவர்கள். ஆனால் படித்துவிட்டுத் தராவாவுக்குக் கப்பலேறி எழுதுவினைஞராகவும் ஆசிரியராகவும் அவர்கள் பிடித்த இடம் தொகைக்கு மிஞ்சியது. கில்பேர்ட்காரருக்கு அது உறுத்தியது. 1965இல் கில்பேர்ட்காரருக்கென்றே ஒரு தேசியக் கட்சி தோன்றியது. சுயாட்சி கிட்ட வரவர எலிஸ்காரருக்குப் பயம் பிடித்தது. வெள்ளையன் போனபின் தலைக் கணக்கில் நடக்கும் பாராளுமன்றத்தில் தங்களுக்கு என்ன இடம் என்று யோசித்தார்கள்.

பிரிந்து போகிறோம் என்று கேட்டார்கள். பிரித்தானியா விரும்பவில்லை. மறுக்கவும் இல்லை, விலை சொன்னது. பிரிந்தால் உங்களுக்கு ஒரே ஒரு கப்பல். அதே கொலனியின் பனாபா தீவில் உரத்துக்காகக் கிண்டும் பொசுபேற்றுக் கல்லின் வருமானத்தில் ஒரு சதமும் இல்லை. கொலனியின் மற்றச் சொத்துகளிலும் பங்கு இல்லை. இதைத் தெரிந்துகொண்டுதான் 1974இல் ஐநா பார்வையாளர் முன்னிலையில் வாக்களித்தார்கள். பிரிய 3,799 பேர். வேண்டாம் என்று 293 பேர்.

1975 ஒக்ரோபர் 1ஆம் திகதி துவாலு என்ற தனிக் கொலனி பிறந்தது. 1976 ஜனவரி 1இல் அரச சேவை இரண்டாகப் பிரிந்தது. 1978 ஒக்ரோபர் 1இல் பிரித்தானியாவிடமிருந்து சுதந்திரம். ஆகவே முதலில் கில்பேர்ட்டிடமிருந்து, பிறகு பிரித்தானியாவிடமிருந்து என்று இரண்டு தரம் பிரிந்த நாடு அது.

கிரிபாட்டி 1979 ஜூலை 12இல்தான் சுதந்திரம் அடைந்தது, துவாலுவுக்கு ஒன்பது மாதம் பிந்தி. துவாலு பிரிந்தபோது கிரிபாட்டி என்று ஒரு நாடே கிடையாது. பிள்ளையின் விடையும் அந்த அளவில் இடிக்கிறது. போதாக்குறைக்கு, எழுதுவது கிரிபாட்டி, அந்த ஊரார் சொல்வது கிரிபாஸ். கில்பேர்ட் என்ற சொல் அவர்கள் வாயில் அப்படி ஆயிற்று.

வாசிகசாலைப் பெடியன் | வெள்ளி, இரவு 11:41

மாஸ்ரர், கும்பிட்டன். ஆனால் இப்ப ஆருக்கு விசிறி?

தீவகத்தான் | சனி, காலை 6:50

மாஸ்ரர் எழுதினதில அந்த ஒரு கப்பல் எண்ட இடத்தில நான் நிண்டிட்டன். ராத்திரி நித்திரை இல்லை.

யாழ்ப்பாணத்து ரவுணில இருக்கிறவைக்கு இது விளங்காது. நெடுந்தீவில பிறந்தவனுக்குக் கப்பல் எண்டால் என்னெண்டு தெரியும். குமுதினிப் படகு ஓடாத நாளில குறிகாட்டுவான் துறையில நிண்டு பாருங்கோ. வருத்தக்காரன், கலியாணச் சாமான், பரீட்சைக்குப் போற பிள்ளை, சீமெந்து மூட்டை, எல்லாம் கரையில. கடல் கொஞ்சம் குமுறினாலே ஊர் தனிச்சுப் போகும். அதுவும் எங்களுக்கு ஒரு மணித்தியால ஓட்டம். அவைக்குத் தீவுக்குத் தீவு நாள்க்கணக்கு. ஒன்பது தீவுக்கு ஒரு கப்பல், நிவாங்கா எண்டு பேர். அது பழுதாப் போனால் நாடே இல்லை, ஒன்பது மணல்திட்டுத்தான்.

அப்பிடியிருந்தும் 3,799 பேர் ஓம் எண்டவை.

கரவெட்டியாள் | சனி, காலை 8:15

மாஸ்ரர் "நம்மவர் காதைக் கூர்மையாக்க வேண்டிய இடம்" எண்டு எழுதினது எனக்குப் பிடிக்கேல்லை, சொல்லிப் போடுறன்.

எழுதுவினைஞர் உத்தியோகம், சிறுபான்மை, தலைக்கணக்குப் பயம், எல்லாம் ஒத்து வருகுது. ஓம். ஆனால் ஒத்து வராததையும் சொல்லவேணும். எலிஸ் தீவுகளுக்கும் கில்பேர்ட் தீவுகளுக்கும் நடுவில கடல் இருந்தது, எல்லையைப் பற்றிச் சண்டையே இல்லை. கொலனிக் காலத்தில எலிஸ் தீவுகளில கில்பேர்ட் குடியேற்றம் எண்டு ஒண்டு நடக்கேல்லை. எல்லாத்துக்கும் மேல, வாக்கெடுப்பு நடந்தது சுதந்திரத்துக்கு முந்தி. முடிவெடுக்கிற ஆள் லண்டனில இருந்தவன், அவனுக்கு ஆர் போனாலும் ஒண்டுதான். சுதந்திரத்துக்குப் பிறகு கேட்டிருந்தால் என்ன நடந்திருக்கும் எண்டதுக்குப் பனாபாவைப் பாருங்கோ. அதே கொலனி, அதே வருசங்கள்.

பனாபா எண்டது ஆறு சதுர கிலோமீற்றர் பாறைத் தீவு. 1900இல அங்க பொசுபேற்று இருக்கெண்டு கண்டுபிடிச்ச உடன கொம்பனி ஒரு கடுதாசி நீட்டிச்சுது. வருசம் 50 பவுண், இல்லாட்டி அந்தப் பெறுமதிக்குச் சாமான். எத்தினை வருசத்துக்கு? 999 வருசம். நான் சட்டம் படிக்கிற பிள்ளை, ஒப்பந்தச் சட்டத்தில கனக்க விசர்க் கதை வாசிச்சிருக்கிறன், இதுக்குக் கிட்ட ஒண்டும் வராது.

1945இல சனத்தைக் கப்பலில ஏத்தி ஃபிஜியில ராபி எண்ட தீவில இறக்கினாங்கள். அந்தத் தீவை வாங்கினது பனாபா ஆக்களின்ர பொசுபேற்றுக் காசிலதான். வந்து பாத்தால் இருக்கக் கூடாரம். பிறகு அவை 1970களில லண்டன் நீதிமன்றத்துக்குப் போச்சினம். நீதிபதி மெகாரி தானே தீவுக்குப் போய்ப் பாத்தவர். 1976இல தீர்ப்பு: உங்களுக்கு அநியாயம் நடந்திருக்கலாம், ஆனால் அரசுக்குச் சட்டப்படி கட்டுப்பாடு இல்லை. தனிய விடுங்கோ எண்டு கேட்டதும் சரிவரேல்லை. கிரிபாட்டிப் பாராளுமன்றத்தில ஒரு ஆசனம் மட்டும் குடுத்தினம், அது இண்டைக்கும் இருக்கு.

எலிஸ்காரரிட்ட விட்டிட்டுப் போகக் காசு இருக்கேல்லை, அதால விட்டாங்கள். பனாபாவிட்ட இருந்தது. அவ்வளவுதான் வித்தியாசம்.

சும்மா கேட்டன் | சனி, காலை 8:40

தங்கச்சி, நல்லாத்தான் எழுதியிருக்கிறீர். ஆனாலும் என்ர கேள்விக்கு ஒருத்தரும் பதில் சொல்லேல்லை. பசிபிக்கில இன்னொரு குட்டித் தீவு நாடு நவுறு, அது 2002இல தாய்வானை விட்டிட்டுச் சீனாவிட்டப் போச்சு, 2005இல திரும்பித் தாய்வான், 2024 ஜனவரியில திரும்பவும் சீனா. 2009இல ரஷ்யாவுக்காக, ஜோர்ஜியாவில இருந்து பிரிஞ்ச அப்காசியாவையும் தெற்கு ஒசேத்தியாவையும் தனி நாடுகளா அங்கீகரிச்சது. இதுக்குப் பேர் இறைமையோ, சந்தையோ?

மெல்பேண் மச்சான் | சனி, பின்னேரம் 3:30

நவுறு எண்ட பேர் வந்தால் நான் வாயை மூடிக்கொண்டு இருக்கேலாது.

மெல்பேணில கொலின்ஸ் வீதியில 52 மாடிக் கட்டடம் ஒண்டு, 1977இல கட்டி முடிச்சது. அந்தக் காலத்தில நகரத்திலேயே உயரம். சொந்தக்காரர் ஆர்? 21 சதுர கிலோமீற்றர் நவுறு. நான் வந்த புதிசில வேலைக்குப் போற ட்ராமில ஒரு கிழவர் காட்டி, "உது குருவி எச்சக் கோபுரம்" எண்டார். கடற்குருவி எச்சத்தில இருந்து வந்த பொசுபேற்று எண்டு அவையின்ர பகிடி. 2004இல கடனுக்கு அது வித்துப் போச்சு.

கதை இதுதான். 1888இல ஜேர்மன்காரன் பிடிச்சான். முதலாம் போருக்குப் பிறகு அவுஸ்திரேலியா, நியூசிலாந்து, பிரித்தானியா மூண்டும் சேர்ந்து பொசுபேற்றைத் தங்கட கமக்காரருக்கு மலிவு விலைக்கு எடுத்தினம். நடுவில ஜப்பான்காரன் வந்து 1,200 பேரை ட்ரூக் தீவுக்கு நாடு கடத்தினான். அதில கனபேர் அங்கயே செத்துப் போச்சினம். உயிரோட மிஞ்சின ஆக்கள் திரும்பி வந்திறங்கின நாள் 1946 ஜனவரி 31. 1968இல சுதந்திரம் எடுக்கேக்க அதே ஜனவரி 31ஐத்தான் தெரிஞ்சினம்.

அதுக்கு முந்தி 1964இல அவுஸ்திரேலியா ஒரு யோசனை சொன்னது. உங்கட தீவு கிண்டி முடியப் போகுது, குயின்ஸ்லாந்துக் கரையில கேர்டிஸ் தீவு தாறம், அங்க வந்து இருங்கோ, பிரசாவுரிமையும் தாறம் எண்டு. ஹமர் டீரோபேர்ட் தலைமையில அவை மாட்டம் எண்டிட்டினம். அங்க போனால் நாங்கள் ஒரு நாடாய் இருக்கேலாது, அவுஸ்திரேலியாவில ஒரு ஊராய்த்தான் இருப்பம் எண்டு. பிறகு பொசுபேற்றுக் கொம்பனியைத் தாங்களே வாங்கி ஓட்டிச்சினம். காசு வந்தது, கப்பல் வந்தது, ஏழெட்டுப் பிளேனோட எயார்லைன் வந்தது. 2005 டிசம்பரில கடைசிப் பிளேனையும் கடன் குடுத்தவன் கொண்டு போயிட்டான்.

என்ர சொந்தக்காரப் பெடியன் ஒருத்தன் அவுஸ்திரேலியாவுக்கெண்டு கடலால வந்து பிடிபட்டு நவுறுத் தடுப்பு முகாமில கிடந்தவன். அந்தக் கதை அவன்தான் சொல்லவேணும், நான் எழுதமாட்டன். ஒண்டு மட்டும். "அண்ணை, தீவைச் சுத்தி ரோட்டு 19 கிலோமீற்றர். யாழ்ப்பாணத்தில இருந்து கொடிகாமம் வராது. நடுவில எல்லாம் கல்லு ஊசி ஊசியா நிக்கும். காங்கேசன்துறைச் சீமெந்துக்குக் கல்லுக் கிண்டின கிடங்குகள் தெரியும்தானே, அதை ஊர் முழுக்க வைச்சுப் பாருங்கோ" எண்டான்.

வோட்டை விக்கினம் எண்டு சொல்லுறவர் அதையும் கணக்கில எடுக்கட்டும். மண்ணை மற்றவன் கொண்டு போய்ட்டான். விக்கிறதுக்கு வேற என்ன மிஞ்சிக் கிடக்கு?

புவியியல் வாத்தியார் | சனி, மாலை 5:02

மெல்பேண் தம்பியின் பதிவுக்கு ஒரு சேர்க்கை. இது நம் நாட்டோடு சம்பந்தப்பட்டது, பலருக்குத் தெரியாது.

கிண்டிய நிலத்தைச் சீர்செய்யும் பொறுப்பு யாருடையது என்று ஆராய நவுறு அரசு 1986இல் ஒரு விசாரணைக் குழு அமைத்தது. அதன் தலைவர் இலங்கையர், முன்னாள் உயர் நீதிமன்ற நீதியரசர் சி. ஜி. வீரமந்திரி. அந்த வேலையின் தொடர்ச்சியாக 1989இல் நவுறு அவுஸ்திரேலியாவைச் சர்வதேச நீதிமன்றத்துக்கு இழுத்தது. இரண்டு ஆண்டு கழித்து வீரமந்திரி அதே நீதிமன்றத்தில் நீதிபதியானார். தான் முன்பு சம்பந்தப்பட்ட விடயம் என்பதால் அந்த வழக்கில் அமரவில்லை. 1992இல் வழக்கை விசாரிக்கத் தனக்கு அதிகாரம் உண்டு என்று நீதிமன்றம் சொன்னதும், அடுத்த ஆண்டே அவுஸ்திரேலியா 107 மில்லியன் அவுஸ்திரேலிய டொலருக்கு இணங்கி வந்தது.

பத்தாயிரம் பேர் உள்ள நாடு, கண்டத்தையே நாடாக வைத்திருக்கும் ஒருவரை நீதிமன்றத்தில் நிறுத்தியது. நாடாக இருந்தபடியால் நிறுத்த முடிந்தது. பனாபா நாடாக இல்லை, அதனால் உள்ளூர் நீதிமன்றத்தில் தோற்றது. "சும்மா கேட்டன்" கேட்டதற்கு என் பதில் இதுதான். கதிரை இருந்தால்தான் விற்கவும் முடியும், வழக்குப் போடவும் முடியும்.

சும்மா கேட்டன் | சனி, மாலை 5:20

சரி மாஸ்ரர். வழக்குப் பொயின்ற் நல்லது. ஒத்துக்கொள்ளுறன்.

ஆனால் 107 மில்லியனும் எங்க போச்சு எண்டும் ஒருக்காச் சொல்லலாமே. அவன் தின்றது பாதி, இவை தின்றது மீதி. தபால் பெட்டிக்குள்ள வங்கி நடத்தின நாடு அது, ஒரு பெட்டி நம்பருக்கு நூற்றுக்கணக்கில வங்கி.

தீவகத்தான் | சனி, இரவு 7:45

அப்ப துவாலுதான் வெண்டது. கில்பேர்ட்காரன் பொசுபேற்றைப் பிடிச்சு வைச்சான், அது 1979இலயே முடிஞ்சு போச்சு, சுதந்திரம் எடுத்த அதே வருசம். துவாலுவுக்குக் கப்பல் மட்டும். ஆனால் இன்ரநெற் வந்த உடன அவையின்ர நாட்டுக் குறி "டிவி" எண்டு விழுந்திட்டுது. உலகத்தில இருக்கிற தொலைக்காட்சிக்காரர் எல்லாம் காசு கட்டினாங்கள். அந்தக் காசிலதான் 2000இல ஐநாவில சேர்ந்தது, 189ஆவது நாடு. கடவுள் எங்கயோ இருக்கிறார்.

கரவெட்டியாள் | சனி, இரவு 8:10

தீவகத்தான் அண்ணை, கடவுளைக் கூப்பிட முந்திக் கணக்கைப் பாருங்கோ. பொசுபேற்று முடிஞ்சது சரி. ஆனால் கொலனிக் காலத்திலேயே, 1956இல, அந்த வருமானத்தில ஒரு பகுதியை ஒதுக்கி நிதியம் ஒண்டு தொடங்கியிருந்தவை. அது முழுக்கக் கிரிபாட்டிக்குப் போனது. இண்டைக்கும் அந்த நாட்டின்ர முதுகெலும்பு அதுதான். துவாலு தன்ர நிதியத்தை 1987இலதான் தொடங்கினது, அதுவும் வெளிநாடுகள் போட்ட காசில. ஆர் வெண்டது எண்டு அவ்வளவு சுகமாச் சொல்லேலாது.

மற்றது, இப்ப நடக்கிறது. 2023இல அவுஸ்திரேலியாவோட ஃபலேபிலி ஒப்பந்தம் எண்டு கையெழுத்து வைச்சினம். வருசம் 280 பேர் அங்க போய்க் குடியேறலாம். கடல் மூடினாலும் துவாலு ஒரு அரசுதான் எண்டு அவுஸ்திரேலியா ஒத்துக்கொள்ளுது. பதிலுக்கு, வேற நாட்டோட பாதுகாப்பு உடன்பாடு எண்டால் அவுஸ்திரேலியாவின்ர சம்மதம் வேணும். 2025இல முதல் சீட்டிழுப்புக்குப் பேர் குடுத்த ஆக்கள் சனத்தொகையில மூண்டில ஒண்டுக்கு மேல. 1964இல நவுறு மாட்டன் எண்டதை, அறுபது வருசம் கழிச்சுத் துவாலு பாதி ஓம், பாதி மாட்டன் எண்டு வாங்கியிருக்கு.

வெளிநாடு போறதுக்கு லைனில நிக்கிற ஊரில இருந்து நாங்கள் அவையைப் பாத்துச் சிரிக்கேலாது.

பனங்கொட்டை | சனி, இரவு 10:30

ரெண்டு நாளா வாசிச்சுக் கொண்டிருந்தன். எல்லாரும் துவாலு, நவுறு எண்டுறியள். பூகன்விலை ஒருத்தரும் தொடேல்லை. கரவெட்டியாள் கேட்ட கேள்விக்கு, சுதந்திரத்துக்குப் பிறகு பிரிய வெளிக்கிட்டால் என்ன நடக்கும் எண்டதுக்கு, முழுப் பதிலும் அங்க கிடக்கு.

பூகன்வில் சொலமன் தீவுகளோட சேர்ந்த நிலம், சனமும் அப்பிடித்தான். ஜேர்மன்காரனும் பிரித்தானியனும் கோடு கீறினதில பப்புவா நியூகினிப் பக்கம் விழுந்தது. பப்புவா 1975 செப்ரெம்பர் 16இல சுதந்திரம் எடுத்தது. பூகன்வில்காரர் ரெண்டு கிழமைக்கு முந்தியே, செப்ரெம்பர் 1இல, வட சொலமன் குடியரசு எண்டு தங்கட கொடியை ஏத்திப் போட்டினம். ஒரு நாடும் திரும்பிப் பாக்கேல்லை. மாகாண அரசு தாறம் எண்டு கொழும்பு, சீ, போர்ட் மோர்ஸ்பி சொன்னது. பேசாமல் இறங்கி வந்தினம்.

நடுவில பங்குனா எண்ட செப்புச் சுரங்கம், 1972இல தொடங்கினது. நாட்டின்ர ஏற்றுமதியில பாதிக்குக் கிட்ட அந்த ஒரு கிடங்கில இருந்துதான். கழிவு எல்லாம் ஜாபா ஆத்துக்குள்ள. காணிக்காரருக்குக் கிடைச்சது கிள்ளித் தெளிச்ச மாதிரி. அங்க காணி தாய்வழி, பெண்ணுக்குத்தான். எங்கட தேசவழமையில சீதனக் காணி பெண்ணோட போற மாதிரி, இன்னும் இறுக்கமா. 1969இலேயே றொறோவானாப் பெண்டுகள் நிலம் அளக்க வந்தவைக்கு முன்னால குறுக்க நிண்டு பொலிசின்ர அடி வாங்கினவை. இருபது வருசத்துக்குப் பிறகு பிரான்சிஸ் ஓனா எண்ட, சுரங்கத்திலேயே வேலை செய்தவர், மின்கம்பங்களைத் தகர்த்தார். 1989இல சுரங்கம் மூடினது.

இனி நான் எழுதுறதை என்ர வயது ஆக்கள் கவனமா வாசியுங்கோ. 1990இல பப்புவா அரசு பூகன்விலைச் சுத்திக் கடலில தடை போட்டது. மருந்து இல்லை, எரிபொருள் இல்லை, உடுப்பு இல்லை. அந்தச் சனம் என்ன செய்தது? தேங்காய் எண்ணெயைக் காய்ச்சி வாகனத்துக்கு விட்டு ஓட்டிச்சினம். சுரங்கத்தில விட்டிட்டுப் போன இரும்பைப் பொறுக்கி ஆத்துத் தண்ணியில சின்னச் சின்ன மின்சாரம் எடுத்தினம்.

அதே 1990. யாழ்ப்பாணத்துக்கும் பொருளாதாரத் தடை. நாங்கள் இஞ்ச காபரேற்றருக்குள்ள துளி பெற்றோல் அடிச்சு ஸ்ரார்ட் பண்ணி மண்ணெண்ணெயில மோட்டச்சைக்கிள் ஓட்டின காலம். ஜாம் போத்தில் விளக்கில படிச்சம். பனங்களியில உடுப்புத் தோய்ச்சம். சைக்கிளைக் கவிட்டு வைச்சு டைனமோவைச் சுத்தி றேடியோ கேட்டம். உலகத்தின்ர மற்றத் தொங்கலில ஒருத்தன் தேங்காயெண்ணெயில ஜீப் ஓட்டிக் கொண்டிருந்தவன் எண்டு அப்ப எங்களுக்குத் தெரியாது. அவனுக்கும் எங்களைத் தெரியாது. நான் உதை முதல்முதல் வாசிச்ச நாள் மனிசியைக் கூப்பிட்டு வாசிச்சுக் காட்டினன். அவ "எங்கட ஆக்கள் தேங்காயெண்ணெய் விட்டிருக்க மாட்டினம், அது கறிக்கு வேணும்" எண்டா.

மெல்பேண் மச்சான் | ஞாயிறு, காலை 5:55

பனங்கொட்டை அண்ணை, ஜாம் போத்தில் எண்ட உடன எனக்கு அந்த மணம் வந்திட்டுது. மிச்சத்தையும் எழுதுங்கோ.

கரவெட்டியாள் | ஞாயிறு, காலை 7:30

பூகன்வில் ஆக்களுக்குள்ளேயே நடந்ததையும் சேர்த்து எழுதுங்கோ அண்ணை. அதை விட்டால் கதை பாதி.

பனங்கொட்டை | ஞாயிறு, காலை 9:10

ஓம் தங்கச்சி, அதை விடமாட்டன்.

புரட்சிப் படை ஒரு பக்கம், அரசோட நிண்ட பூகன்வில் எதிர்ப்புப் படை மறுபக்கம். ஒரே ஊர், ஒரே சாதிசனம். அரசு சுட்டதில மட்டுமில்லை, இவைக்கு இவை செய்ததிலயும் கனக்க உயிர் போச்சு. செத்த தொகை 20,000 வரைக்கும் எண்டு சொல்லுறவை இருக்கினம், தீவில மொத்தச் சனமே அப்ப ரெண்டு லட்சத்துக்குக் கிட்ட.

1997இல பிரதமர் ஜூலியஸ் சான், சாண்ட்லைன் எண்ட கூலிப்படையை 36 மில்லியன் அமெரிக்க டொலருக்குப் பிடிச்சார். அவரின்ர சொந்த இராணுவத் தளபதி சிங்கிறோக்கே எதிர்த்து நிண்டு கூலிப்படையைப் பிடிச்சு நாட்டை விட்டு அனுப்பினார். பிரதமர் கதிரையை விட்டு விலகவேண்டி வந்தது. அதோட கதவு திறந்தது. நியூசிலாந்து பேர்ணம் முகாமில முதல் பூகன்வில் ஆக்களை மட்டும் கூப்பிட்டுத் தங்களுக்குள்ள கதைக்க விட்டது. அரசோட பேச்சு அதுக்குப் பிறகுதான். இந்த ஒழுங்கை நான் கனதரம் யோசிச்சிருக்கிறன். கண்காணிக்க வந்த நியூசிலாந்து, அவுஸ்திரேலியா, ஃபிஜி, வனுவாத்து ஆக்கள் ஒருத்தரிட்டையும் துவக்கு இல்லை. ஊருக்கு ஊர் வெத்திலை பாக்குப் போட்டு, வில்லையும் அம்பையும் முறிச்சுச் சமாதானம் செய்திச்சினம்.

2001 ஒகஸ்ற் 30இல அறாவாவில ஒப்பந்தம். மூண்டு கால்: சுயாட்சி, ஆயுதக் களைவு, சர்வசன வாக்கெடுப்பு. சுயாட்சி அரசு 2005இல வந்தது. அதில இருந்து பத்துத் தொடக்கம் பதினைஞ்சு வருசத்துக்குள்ள வாக்கெடுப்பு. 2019இல நடந்தது. கூடின சுயாட்சி போதும் எண்டவை 3,043 பேர். தனிநாடு எண்டவை 176,928.

வாசிகசாலைப் பெடியன் | ஞாயிறு, காலை 9:25

98 சதவீதம்! அப்ப பூகன்வில் இப்ப தனி நாடுதானே?

கரவெட்டியாள் | ஞாயிறு, காலை 9:50

இல்லைத் தம்பி. தொண்டைக்குள்ள முள்ளு அங்கதான்.

ஒப்பந்தத்தில வாக்கெடுப்புக் கட்டுப்படுத்தும் எண்டு எழுதேல்லை. முடிவைப் பற்றி ரெண்டு அரசும் கலந்து பேசவேணும், பிறகு இறுதி அதிகாரம் பப்புவா பாராளுமன்றத்துக்கு. 2001இல அந்த வசனத்துக்கு ஒத்துக்கொண்டபடியால்தான் வாக்கெடுப்பே கிடைச்சது. அந்த வசனம் இல்லாட்டி ஒப்பந்தம் இல்லை. அந்த வசனம் இருக்கிறபடியால் நாடு இல்லை. 2020இல ஜனாதிபதியா வந்த இஷ்மாயில் டொறோமா முந்திப் புரட்சிப் படைத் தளபதி. 2027 செப்ரெம்பர் 1 எண்டு நாள் சொல்லியிருக்கிறார், 1975இல கொடி ஏத்தின அதே நாள். மற்றப் பக்கம் பாராளுமன்றம் எண்டு இழுத்துக் கொண்டிருக்கு.

எலிஸ்காரருக்கு வாக்கெடுத்து ஒரு வருசத்தில பிரிவினை. இவைக்கு வாக்கெடுத்த பிறகும் வருசக்கணக்காக் காத்திருப்பு. சனம் போட்ட வோட்டில வித்தியாசம் இல்லை, ரெண்டும் தொண்ணூறுக்கு மேல.

சும்மா கேட்டன் | ஞாயிறு, காலை 10:15

சுரங்கம் இன்னும் மூடித்தானே கிடக்கு? நாடு வந்தால் எதை வைச்சுச் சீவிக்கிறது? உடைச்சதைத் திரும்பத் திறக்கவேணும் எண்டுதான் இப்ப அவையே கதைக்கினம்.

பனங்கொட்டை | ஞாயிறு, காலை 10:40

ஓம், கதைக்கினம். சுரங்கத்தை வைச்சிருந்த றியோ ரின்ரோ கொம்பனி 2016இல தன்ர 53.8 சதவீதப் பங்கை ரெண்டு அரசுக்கும் பிரிச்சுக் குடுத்திட்டுப் போயிட்டுது. கிடங்கும் கழிவும் இவையின்ர தலையில. எந்தச் சுரங்கத்தால சண்டை வந்ததோ அதே சுரங்கத்தை நம்பித்தான் நாடு. உம்மட கேள்வி இந்தமுறை சும்மா இல்லை.

தீவகத்தான் | ஞாயிறு, பகல் 12:20

அவ்வளவு தூரம் ஏன்? மாலைதீவில 1959இல தெற்கு மூண்டு பவளத்தீவு சேர்ந்து சுவாதிவுக் குடியரசு எண்டு தொடங்கினது தெரியுமோ? அவை கொழும்போட நேர வியாபாரம் செய்த ஆக்கள், மாலே வரி போட்டு நெரிச்சது. அங்க கான் எண்ட தீவில பிரித்தானிய விமானத்தளம் இருந்தது, அந்தத் தைரியம். அப்துல்லா அஃபீஃப் தலைவர். நாலு வருசம் நிண்டது. பிரித்தானியா கையை விட்ட உடன 1963இல முடிஞ்சுது, அஃபீஃபைச் சீசெல்சுக்குக் கப்பல் ஏத்திச்சினம். எங்கட மாசிச் சம்பலுக்குப் பின்னால இப்பிடி ஒரு கதை.

சும்மா கேட்டன் | ஞாயிறு, பகல் 12:31

மாலைதீவு எண்டால் 1988 நவம்பர் 3ஐயும் சொல்லுங்கோவன். எங்கட ஆக்கள் வள்ளத்தில போய்...

மட்டுறுத்துநர் | ஞாயிறு, பகல் 12:50

1988இல் இலங்கைத் தமிழ் ஆயுதக்குழு ஒன்று மாலைதீவு ஆட்சியைப் பிடிக்கப் போய்த் தோற்ற சதிமுயற்சி பற்றி ஏற்கெனவே தனி இழை உண்டு, அது எப்படி முடிந்தது என்பதும் எல்லோருக்கும் தெரியும். இங்கே வேண்டாம். பேசுபொருள் துவாலுவும் மேசை விசிறியும்.

புவியியல் வாத்தியார் | ஞாயிறு, மாலை 4:15

விசிறி விடயத்தில் என் தீர்ப்பு: "எதிலிருந்து பிரிந்தது" என்றால் கில்பேர்ட் தீவுகளிலிருந்து. "யாரிடமிருந்து சுதந்திரம் பெற்றது" என்றால் பிரித்தானியாவிடமிருந்து. தம்பி கேட்டது முதலாவது, விடைத்தாளில் எழுதி வைத்தது இரண்டாவது. பெடியளுக்குக் கொடுத்த புள்ளி செல்லாது. பிள்ளை சொன்ன பெயர் நான்கு வருடம் பிந்தியது, ஆனால் இடம் சரி. அரைப் புள்ளி.

வாசிகசாலைப் பெடியன் | திங்கள், இரவு 8:30

மாஸ்ரரின்ர தீர்ப்பை இண்டைக்குப் பின்னேரம் நிலையத்தில வாசிச்சன். பெடியளின்ர ஒரு புள்ளி போனதோட சமன். பிள்ளையின்ர பகுதிக்கு அரைப் புள்ளி ஏறினதோட அவை வெண்டினம். பெடியள் கத்தினாங்கள். நான் கேள்வி பிழையெண்டு எல்லாருக்கும் முன்னால ஒத்துக்கொண்ட பிறகு அடங்கினாங்கள்.

பிள்ளையிட்டப் பெட்டியைக் குடுத்தன். வாங்கினது. பிறகு கேட்டுது, "அண்ணா, அந்தக் கப்பல் இப்பவும் ஓடுதோ?"

ஆருக்கும் தெரிஞ்சால் சொல்லுங்கோ. நாளைக்கு அதுக்குப் பதில் சொல்லவேணும்.

தீவகத்தான் | திங்கள், இரவு 8:52

முதல் கப்பல் ஓய்ஞ்சு, அதுக்குப் பிறகு வந்ததுக்கும் நிவாங்கா எண்டுதான் பேர் வைச்சவை எண்டு சொல்லும்.